என்னைத் தவிர ஊரே பார்த்த படம்

நான் ஒரே ஒரு சினிமாவில் நடித்திருக்கிறேன். அதை இந்த நிமிடம் வரை பார்த்ததில்லை. கொல்லங்கோட்டுக்குக் கிழக்கே எங்கள் ஊரில் மீசை முளைத்த ஆண்பிள்ளைகள் கிட்டத்தட்ட அத்தனை பேரும் அதைப் பார்த்தார்கள். சிலர் இரண்டு தடவை பார்த்தார்கள். எனக்கு மட்டும் வயசு பத்தவில்லை. பதினெட்டு நிறையட்டும், அப்புறம் பார்க்கலாம் என்றார்கள். பதினெட்டு நிறைந்தபோது படப்பெட்டி எங்கே கிடக்கிறது என்று எடுத்தவருக்கே தெரியவில்லை. சின்னப் பிள்ளைகளைக் காப்பாற்றத்தான் சென்சார் இருக்கிறது என்று இன்றைக்கும் யாராவது என்னிடம் வந்து சொல்வதுண்டு. உட்காரவைத்து ஒரு டம்ளர் மோர் கொடுத்துவிட்டு, அதன் பிறகுதான் வாயைத் திறப்பேன்.

எமர்ஜென்சி முடிந்திருந்த நேரம். இனி யாரும் எதையும் பேசலாம், எழுதலாம், படம் எடுக்கலாம் என்று பாலக்காட்டு டீக்கடைகளில் பெரிய பெரிய வார்த்தைகள் உருண்டுகொண்டிருந்தன. அப்போது ஒரு நாள் காலையில் எங்கள் களத்துக்குள் ஒரு ஜீப் வந்தது. வந்தது வெறுமனே வரவில்லை, நான் காயப்போட்டிருந்த நிலக்கடலை மேல் ஏறிக்கொண்டு வந்தது. நான் கையிலிருந்த கடலை தள்ளுகிற பலகையைத் தூக்கிக்கொண்டு ஓடி, வாய்க்கு வந்தபடி திட்டினேன். கதர் ஜிப்பாவும் தாடியுமாக இறங்கிய ஆள் என் திட்டுக்குப் பதில் சொல்லவில்லை. பக்கத்தில் இருந்தவனைப் பார்த்து, "இந்தக் குட்டி மதி" என்றார். இந்தப் பெண் போதும் என்று அர்த்தம். எதற்குப் போதும் என்று எனக்கு விளங்கவில்லை. அவர் வடக்கே எங்கேயோ போய் சினிமா படித்துவிட்டு வந்த மலையாளி. முதல் படம் எடுக்க இடம் தேடி வந்திருந்தார்.

அப்பா அவரை சர்க்கார் ஆள் என்று நினைத்துவிட்டார். அதற்கு அப்பாவைக் குறை சொல்லிப் பயனில்லை. எங்கள் பக்கம் ஜீப்பில் கேமராவோடு வருகிறவர்கள் எல்லாம் உரம் போடுவது எப்படி, கிணற்றுக்கு மருந்து போடுவது எப்படி என்று காட்டுகிறவர்கள்தான். பஞ்சாயத்து ஆபீஸ் முன்னால் வெள்ளைத் துணியைக் கட்டி அந்தப் படங்களை ஓட்டுவார்கள். 'இந்த வயசுப் பெண்பிள்ளைகளுக்கு வருகிற பிரச்சினை பற்றி ஒரு படம்' என்று தாடிக்காரர் சொன்னதும், அப்பா அது தடுப்பூசிப் படம் என்று முடிவு கட்டிவிட்டார்.

"எத்தனை நாளைக்குங்க எடுப்பீங்க?" என்று கேட்டார்.

"ஒரு மாசம் மதி."

"ஊசி போடறதுக்கு ஒரு மாசமா! செரி, சர்க்கார் காரியம், எடுத்துக்கங்க."

அம்மா மட்டும் கதவுக்குப் பின்னால் நின்று அந்த ஆளை மேலும் கீழும் பார்த்தாள். "ஊசி போடற மூஞ்சியாத் தெரியல" என்றாள். அம்மா சொன்னதை யார் கேட்டார்கள்? அம்மாவுக்குப் பதினாலு வயசில் கல்யாணம் ஆனது, ஐந்தாவதோடு படிப்பு நின்றது. எங்கள் வீட்டில் அவள் சொல்வது அரிசியில் அரித்தெடுத்த கல் போல ஒதுக்கிவைக்கப்படும்.

கதையை நான் சொல்லிவிடுகிறேன், பெரிய ரகசியம் ஒன்றுமில்லை. எங்களைப் போல ஒரு விவசாயக் குடும்பம். பதினாலு வயசுப் பெண் பெரியவளாகிறாள். எங்கள் வழக்கப்படி தாய்மாமன் பச்சைத் தென்னை ஓலை வெட்டிவந்து முற்றத்தில் குச்சு கட்டி, அதற்குள் அவளை உட்காரவைக்கிறான். சீர் முடிகிற அன்றைக்கு அதே மாமன் அந்தக் குச்சைப் பிரித்துக் கொளுத்த வேண்டும். அதுதான் முறை. குச்சுக்குள் அவள் உட்கார்ந்திருக்கும்போதே வெளியே பெரியவர்கள் அவளை அந்த மாமனுக்கே கட்டிக்கொடுக்கப் பேசி முடிக்கிறார்கள். பள்ளிக்கூடத்தை நிறுத்துகிறார்கள். ஓலை இடுக்கு வழியாக அவள் எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டு இருக்கிறாள். யாரோடும் பேச்சில்லை, சாப்பாடு இல்லை. கடைசியில் சீர் நாளுக்கு முன்னாலேயே வெளியே வந்து தானே குச்சுக்குத் தீ வைக்கிறாள். ஆர் தீ வெச்சது என்று அப்பன் கத்துகிறான். அவள் சொல்கிறாள்: "நாந்தான் வெச்சேன். இன்னும் வெப்பேன்."

படம் முழுக்க எனக்கு இருந்த வசனம் கொஞ்சம்தான். அதில் நான் விரும்பிப் பேசியது இது ஒன்று. தாடிக்காரர் எனக்கு நடிப்பெல்லாம் சொல்லித்தரவில்லை. "அபிநயிக்க வேண்டா மோளே, நின்னா மதி" என்பார். நடிக்க வேண்டாம், சும்மா நின்றால் போதுமாம். ஆனால் அந்த வசனத்துக்கு நான் சும்மா நிற்கவில்லை. உள்ளேயிருந்து வந்தது. ஏனென்றால் படம் எடுப்பதற்கு நாலைந்து மாதம் முன்னால்தான் எனக்கு நிஜமாகவே குச்சு கட்டியிருந்தார்கள். கட்டியவர் அம்மாவின் தம்பி, என் மாமா. ஊர் சனம் கூடி, ரேடியோ செட் கட்டி, கோவிந்தாபுரம் வரைக்கும் கேட்கும்படி குழாயில் பாட்டுப் போட்டு, நான் பெரியவளானதை அறிவித்தார்கள். பத்திரிகை அடித்து, என் வகுப்புப் பையன்கள் வீட்டுக்குக்கூடக் கொடுத்தார்கள். கைக்குழந்தை முதல் பல்லுப்போன கிழவர் வரை பந்தியில் உட்கார்ந்து லட்டு தின்றார்கள். எனக்குத்தான் நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போல இருந்தது. மாமா பட்டுத் துண்டு போட்டுக்கொண்டு, என்னமோ அவர் விளைவித்த கரும்பைப் பார்க்கிறவர் மாதிரி என்னைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

இத்தனை ஊர் அறியச் செய்கிற காரியம்தான், ஆனால் அதையே படமாக எடுத்தால் பெரியவர்களுக்கு மட்டும் என்றார்கள் சென்சாரில் உட்கார்ந்திருந்தவர்கள். ஏ சர்ட்டிபிகேட். குழாயில் கத்தினால் கலாச்சாரம், திரையில் காட்டினால் அசிங்கம்! அத்தோடு விட்டார்களா? கடைசி வசனத்தில் சத்தத்தை எடுத்துவிடச் சொன்னார்களாம், எனக்கே அது பிற்பாடுதான் தெரிந்தது. பிள்ளைகள் பெற்றோரை எதிர்க்கத் தூண்டுகிறதாம். பிள்ளைகள் பார்க்கவே கூடாது என்று கதவைச் சாத்தின பிறகு, உள்ளே இருக்கிற எந்தப் பிள்ளையை அது தூண்டும்? இதை ஒரு மகானும் யோசிக்கவில்லை. தாடிக்காரர் தலையை ஆட்டிவிட்டு வெட்டிக்கொடுத்தார். அவருக்குப் படம் வெளியே வர வேண்டும். கருத்துச் சுதந்திரம் எல்லாம் ஜிப்பா போட்டிருக்கும்போது பேசுவதற்கு.

படம் முதலில் பாலக்காட்டில் ஒரு பிலிம் சொசைட்டியில் ஓடியது. என்னையும் அப்பாவையும் வரச்சொல்லியிருந்தார்கள். பள்ளிக்கூட ஹால் ஒன்றில் தாடிகளும் மூக்குக் கண்ணாடிகளுமாக ஒரு கூட்டம். மேடையில் ஏற்றி எனக்குப் பொன்னாடை போட்டார்கள். 'வளரிளம் பருவத்தின் மௌனத்தை உடைத்த குழந்தை' என்று ஒருவர் முழங்கினார். இன்னொருவர் முக்கால் மணி நேரம் பேசினார், அதில் பாதி எனக்குப் புரியவில்லை, மீதி அவருக்கே புரிந்திருக்காது. பேசி முடித்ததும் விளக்கை அணைக்கப் போனார்கள். அப்போது செயலாளர் என் பக்கம் குனிந்து, சட்டம் என்று ஒன்று இருக்கிறது, நீ வெளியே உட்கார் மோளே என்றார். மௌனத்தை உடைத்த குழந்தையைக் கையைப் பிடித்து வெளியே கொண்டுவந்து சைக்கிள் ஸ்டாண்டு பக்கம் விட்டார்கள். பெண்பிள்ளையைத் தனியாக விடமுடியாது என்று அப்பாவும் என்னோடு வெளியே வந்துவிட்டார். இதைக் கவனித்துக்கொள்ளுங்கள். அப்பாவும் படத்தைப் பார்க்கவில்லை.

சுவருக்கு அந்தப் பக்கம் படம் ஓடியது. ஜன்னலுக்குக் கறுப்புத் துணி கட்டியிருந்தார்கள், ஆனாலும் சத்தம் வந்தது. எங்கள் வீட்டு எருமை கத்துவது கேட்டது. அப்பா சிரித்தார். "நம்மூட்டு எருமைக்கெல்லாம் உள்ள எடமிருக்குது பாரு" என்றார். பிறகு என் குரல் கேட்டது. "இது நீதானா கண்ணு?" என்று அப்பா கேட்டார். அவருக்கு உள்ளூர சந்தோசம்தான், தடுப்பூசி இல்லை என்று அதற்குள் தெரிந்திருந்தும். தீ எரிகிற சத்தம் வந்தது. ஆர் தீ வெச்சது என்ற குரல் வந்தது. நான் சுவரோடு காதை ஒட்டிவைத்துக் காத்திருந்தேன். ஒன்றும் வரவில்லை. அப்புறம் நாதஸ்வரம் வந்துவிட்டது. எனக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது. அப்பா டீயும் பன்னும் வாங்கிக்கொடுத்தார்.

அத்தோடு முடிந்திருந்தால் நான் இதை எழுத மாட்டேன். படத்துக்கு எங்கேயோ ஒரு பரிசு கிடைத்து, தாடிக்காரர் வெளிநாட்டுக்குப் போய்விட்டார். வாங்குவதற்கு ஆளில்லாமல் கிடந்த படத்தை எங்கள் பக்கத்துச் சந்தை ஊரில் இருந்த டாக்கீஸ் கொட்டகைக்காரர் பிடித்துக்கொண்டார். அவருக்குப் பரிசும் வேண்டாம், கதையும் வேண்டாம். ஏ என்கிற அந்த ஒற்றை எழுத்துதான் வேண்டும். போஸ்டரில் படத்தின் பேரைப் பொடி எழுத்தில் போட்டு, ஏ-யை மட்டும் சிவப்பில் ஆள் உயரத்துக்கு வரைந்தார். போட்டது நூன் ஷோ. மத்தியானக் காட்சி என்றால் என்னவென்று எங்கள் பக்கம் கொட்டகைக்குப் போகிற ஆண்களுக்கெல்லாம் தெரியும். பெண்கள் கவுன்ட்டரை மூடிவிடுவார்கள். படத்தின் நடுவில், இடைவேளைக்குக் கொஞ்சம் முன்னால், ஆப்பரேட்டர் வேறு ஏதோ ஒரு படத்துத் துண்டை ஒட்டி ஓட்டுவார். அதற்கு பிட்டு என்று பேர். முன்னால் வருவதும் பின்னால் வருவதும் எந்தப் படமாக இருந்தாலும் கூட்டம் வருவது பிட்டுக்குத்தான்.

சென்சார் என் ஒரு வசனத்தை எடுத்தது. கொட்டகைக்காரர் தன் பங்குக்குப் பிட்டில் ஒரு குளியல் தொட்டியைச் சேர்த்தார். இந்தப் பிட்டு விவகாரம் எங்கள் வீட்டில் ஒருவருக்கும் அப்போது தெரியாது. தெரிந்ததெல்லாம், நான் நடித்த படம் மூன்றாவது நாளாக நூன் ஷோவில் ஓடுகிறது, அதில் அசிங்கமான சீன் இருக்கிறதாம் என்பதுதான். யார் சொன்னது? எல்லோரும் சொன்னார்கள். யார் பார்த்தது? ஒருவரும் பார்க்கவில்லை!

பள்ளிக்கூடத்தில் ஹெட்மாஸ்டர் கூப்பிட்டார். நான் அப்போது பத்தாவது. எஸ்.எஸ்.எல்.சி. பரீட்சைக்கு இன்னும் சில மாதங்கள். "கொஞ்ச நாளைக்கு வராதே. மத்த பிள்ளைங்க கெட்டுப்போயிடும்" என்றார்.

"சார், நீங்க படத்தப் பார்த்தீங்களா சார்?"

"ச்சீ ச்சீ. நான் பாதியில எழுந்து வந்துட்டேன்."

இந்தப் பாதியில் எழுந்துவந்த கதையை அந்த வாரம் முழுக்கக் கேட்டேன். பால் சொசைட்டித் தலைவர் பாதியில் எழுந்து வந்தார். கோயில் கமிட்டிக்காரர் பாதியில் எழுந்து வந்தார். வாத்தியார்கள், பெரியப்பா, பெரியப்பாவின் சகலை, எல்லா யோக்கியர்களும் பாதியில் எழுந்து வந்தார்கள். பிட்டு வருவது பாதிக்குக் கொஞ்சம் முன்னால். அது வரும் வரைக்கும் உட்கார்ந்திருந்து, அதைப் பார்த்து முடித்து, துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு வந்தவர்கள் இவர்கள். எங்கள் படம் கறுப்பு வெள்ளை. பிட்டு கலரில் வருகிறது. எங்கள் படத்தில் வருகிறவள் மாநிறத்துச் சிறுபெண். பிட்டில் வருகிறவள் தலைமுடி வைக்கோல் நிறத்தில் இருக்கிற வெள்ளைக்காரி. ஒருத்தன் வாயைத் திறந்து, அட அது வேறடா, அது அந்தப் பெண் இல்லை என்று சொல்லியிருக்கலாம். சொன்னால் உனக்கு எப்படித் தெரியும் என்று கேட்பார்கள். கண்ணைத் திறந்து பார்த்துக்கொண்டிருந்ததை ஒப்புக்கொள்ள வேண்டும். அதற்குப் பதிலாக ஒரு பெண்பிள்ளையின் பேர் நாசமாகப் போவதே மேல் என்று அத்தனை பேரும் கமுக்கமாக இருந்துவிட்டார்கள். தூ!

அப்பா என்னை முற்றத்தில் நிறுத்திக் கேட்டார்.

"அப்பிடி ஏதாச்சும் எடுத்தாங்களா கண்ணு?"

"இல்லீங்கப்பா. சத்தியமா இல்லீங்க."

"நீ படத்தப் பார்த்தயா?"

"பார்க்கலீங்க. உங்க கூடத்தான வெளிய உக்காந்திருந்தேன்."

"பார்க்காம எப்பிடிச் சொல்லற? மிசின்ல உன்ற மூஞ்சிய எதுல வேணா ஒட்டிப்போடுவானாமே."

பாருங்கள், இதுதான் என் நிலைமை. நான் ஒன்றும் செய்யவில்லை என்று நிரூபிக்க வேண்டுமானால் நான் அதைப் பார்த்திருக்க வேண்டும். பார்த்திருந்தால் அதுவே ஒரு குற்றம். நீங்க போய்ப் பாருங்கப்பா என்றேன். அவர் முகம் சுண்டிப்போயிற்று. "நாம்போயி அதையப் பார்க்கோணுமா?" என்று கேட்டுவிட்டுத் தோட்டத்துக்குப் போனார். அவர் கெட்டவர் இல்லை. ஊருக்குப் பயந்தவர். பயந்தவர்களோடு வாழ்வதும் லேசான காரியம் இல்லை.

அந்த நேரம் பார்த்து மாமா வந்தார். அம்மாவின் தம்பி, எனக்குக் குச்சு கட்டியவர். முப்பது தாண்டியவர், பொள்ளாச்சியில் பருத்தி மண்டி. என்னைவிட இரட்டை வயசு. கட்டிலில் உட்கார்ந்து, பெருமூச்சு விட்டு, தியாகி மாதிரி பேசினார்.

"ஏனுங்க மச்சான், நடந்தது நடந்துபோச்சுங்க. இனி வெளிய ஆரு இவளக் கட்டுவா? அக்கா பொண்ணு. நான் உட்டுருவனா? வர்ற ஞாயித்துக்கெழம வெத்தல மாத்திப்போடலாங்க. பள்ளிக்கூடத்துக்குத்தான் ஏற்கனவே வேண்டாம்னுட்டாங்களே."

அப்பா மாமாவின் கையைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டார். கிட்டத்தட்ட அழுதார். படத்தில் நான் ஓலை இடுக்கு வழியாகக் கேட்டேனே, அதே பேச்சு, அதே முற்றம். நடிப்பதற்குச் சொல்லிக்கொடுக்கத் தேவையில்லை என்று தாடிக்காரர் சொன்னது சரிதான். இனி எனக்குப் பத்தாவது இல்லை, பரீட்சை இல்லை, பொள்ளாச்சியில் ஒரு பருத்தி மண்டியும் அதன் முதலாளியும்தான். நான் அழவில்லை. அம்மா மாமாவுக்கு மோர் கொண்டுவந்து வைத்துவிட்டு, "தம்பி, நீ அந்தப் படத்தப் பார்த்தயா?" என்று மட்டும் கேட்டாள்.

"எனக்கெதுக்குங்கக்கா அந்தக் கருமம்? நாலு பேரு சொன்னாங்க."

அடுத்த நாள் சந்தை. அம்மா கத்தரிக்காய்க் கூடையைத் தலையில் வைத்துக்கொண்டு கிளம்பினாள். அதில் புதிதாக ஒன்றும் இல்லை, வாரா வாரம் போகிறவள்தான். திரும்பி வந்தபோது பொழுது சாய்ந்துகொண்டிருந்தது. கூடையில் பாதிக் கத்தரிக்காய் அப்படியே இருந்தது. காலைக் கழுவிக்கொண்டு என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள்.

"உன்ற படத்தப் பார்த்துப்போட்டு வந்தேன்" என்றாள்.

எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. எங்கள் பக்கத்தில் நூன் ஷோவுக்குப் போன பெண் அதற்கு முன்னால் ஒருத்தியும் கிடையாது. பெண்கள் கவுன்ட்டர் மூடியிருந்ததால் வரிசை கலைந்த பிறகு ஆண்கள் கவுன்ட்டரில் போய் டிக்கெட் கேட்டிருக்கிறாள். கொடுக்கிறவன் திகைத்துப்போய்க் கொடுத்துவிட்டான். படம் ஆரம்பித்து இருட்டின பிறகு உள்ளே போய், கடைசி பெஞ்சில், கூடையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறாள்.

"எல்லாம் நல்லாத்தான் வந்துது. குச்சு வருது, நீ உள்ள உக்காந்திருக்கற. திடீர்னு பார்த்தா கலரு! பெரிய தொட்டி, நொரையா நொரையா, அதுக்குள்ள ஒரு வெள்ளக்காரிச்சி. நம்மூட்டுக் குச்சுக்குள்ள தொட்டி எங்கிருந்துடா வந்துதுன்னு பார்க்கறேன். கொட்டாயில ஒருத்தன் இருமல. அத்தன அமைதி. அது போயிருச்சு, மறுபடியும் நீ வந்துட்ட. ஒடனே லைட்டப் போட்டுட்டாங்க."

"அப்புறம்?"

"அப்புறமென்ன, எல்லாரும் எந்திரிச்சுத் திரும்புனாங்க. நான் உக்காந்திருக்கறேன். பேயப் பார்த்தாப்பல நின்னுட்டானுங்க." அம்மா சொல்லும்போதே சிரிக்க ஆரம்பித்துவிட்டாள். துண்டைத் தலையில் போட்டுக்கொண்டு ஓடினார்களாம். ஒருவர் பெஞ்சுக்கு அடியில் எதையோ தேடுகிற மாதிரி குனிந்தவர் நிமிரவே இல்லையாம். "உங்க பால் சொசைட்டித் தலைவர்தான். முதுகு தெரியாதா எனக்கு?"

கொட்டகைக்காரர் ஓடிவந்து கையைக் கூப்பியிருக்கிறார். "அம்மிணி, இது உங்களாட்டப் பொம்பளைங்க பார்க்கற படமில்லீங்க. எந்திரிச்சுப் போயிருங்க" என்று கெஞ்சியிருக்கிறார்.

"இது என்ற பொண்ணு படமுங்க. டிக்கெட்டு வாங்கியிருக்கறனல்ல, மீதிய ஓட்டுங்க" என்றிருக்கிறாள் அம்மா. வேறு வழியில்லாமல் ஓட்டினார்கள். அந்தக் கொட்டகையில் என் படத்தை ஒழுங்காகக் கடைசி வரை பார்த்தவள் அம்மா ஒருத்தி. பரிசு கொடுத்தவர்கள்கூட அப்படிப் பார்த்திருப்பார்களா, சந்தேகம்தான்.

சிரிப்பு நின்ற பிறகு அம்மா என்னைப் பார்த்தாள். "கடைசீல குச்சுக்குத் தீ வெக்கற. உங்கொப்பனா வர்றவன் ஆர் வெச்சதுன்னு கேக்கறான். நீ வாயத் தொறக்கற, ஒதடு அசையுது, ஒரு சத்தமும் வரல. அங்க என்ன சொன்ன?"

"நாந்தான் வெச்சேன், இன்னும் வெப்பேன்னு சொன்னனுங்கம்மா. அத எடுத்துட்டாங்க."

"ஏனாம்?"

"அதக் கேட்டா புள்ளைங்க கெட்டுப்போயிருவாங்களாம்."

"தொட்டி இருக்கலாமாம், இது இருக்கக்கூடாதாமா?" என்றாள். தொட்டி சென்சார் பார்க்காதது, கொட்டகைக்காரர் ஒட்டியது என்று அவளுக்கு விளக்க எனக்கும் அப்போது தெரியாது. இப்போது தெரியும், ஆனாலும் அவள் கேட்ட கேள்வியில் தப்பில்லை. அம்மா கொஞ்ச நேரம் கத்தரிக்காய்களைச் சொத்தை பார்த்துப் பிரித்துக்கொண்டிருந்தாள். அப்புறம், "என்னையக் குச்சுல உக்கார வெச்சபோது எனக்கும் அப்பிடித்தான் இருந்துது" என்றாள்.

ஞாயிற்றுக்கிழமை உறவினர்கள் வந்தார்கள். பெரியப்பா, அவருடைய சகலை, கோயில் கமிட்டிக்காரர், பொள்ளாச்சியிலிருந்து மாமா. தாம்பாளத்தில் வெற்றிலையும் தேங்காயும் வைத்தாகிவிட்டது. பெரியப்பா தொண்டையைச் செருமிக்கொண்டு, பொண்ணு பேர் கெட்டுப்போன நேரத்தில் மாப்பிள்ளை பெரிய மனசு பண்ணியிருக்கிறார் என்று ஆரம்பித்தார். என்னை உள் அறையில் உட்காரவைத்திருந்தார்கள். கதவு இடுக்கு வழியாகப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

அம்மா ஆண்கள் உட்கார்ந்திருந்த இடத்துக்கு நடுவில் வந்து நின்றாள். அப்படி அவள் நின்று நான் பார்த்ததில்லை.

"படத்த நாம்போயிப் பார்த்தனுங்க. அதுல வர்றது வெள்ளக்காரிச்சி. கலருல வருது. அது வேற படம், நடுவுல ஒட்டியிருக்குது. என்ற பொண்ணு குச்சுக்குள்ள உக்காந்திருக்கறா, அவ்வளவுதான். நீங்க எல்லாரும் பார்த்ததுதானுங்களே?"

கோயில் கமிட்டிக்காரர் வானத்தைப் பார்த்தார்.

"நாங்க எங்கம்மிணி பார்த்தோம்?" என்றார் பெரியப்பா.

"செரிங்க. அன்னிக்குக் கொட்டாயில லைட்டுப் போட்டப்ப ஆரெல்லாம் எந்த பெஞ்சுல இருந்தாங்கன்னு எனக்கு நல்லா ஞாபகமிருக்குது. ஒவ்வொருத்தரா சொல்லட்டுங்களா? மொதல்ல இருந்து சொல்லறேன். முன்னாடி ரெண்டாவது பெஞ்சுல, ஓரமா." அம்மா தன் தம்பி பக்கம் திரும்பினாள். "பொள்ளாச்சியில இருந்து இதுக்குன்னு பஸ்ஸேறி வந்தயா தம்பி? தலையில துண்டப் போட்டுட்டா எனக்குத் தெரியாதா? கையில கடலப் பொட்டலம் வேற."

மாமாவின் முகத்தைப் பார்க்க வேண்டுமே! வேட்டி நுனியைப் பிடித்துக்கொண்டு, "அக்கா, நான் பாதியிலயே" என்று ஆரம்பித்தார். அந்தப் பாதியைக் கேட்டதும் எனக்குச் சிரிப்பு வெடித்துவிட்டது. உள் அறையிலிருந்து நான் சிரித்தது எல்லோருக்கும் கேட்டது. பெரியப்பாவுக்குத் திடீரென்று வயலில் தண்ணீர் பாய்வது நினைவுக்கு வந்தது, எழுந்தார். சகலை அவருக்கு முன்னால் எழுந்துவிட்டார். கமிட்டிக்காரர் செருப்பை மாற்றிப் போட்டுக்கொண்டு போனார். கடைசியில் மாமாவும் போனார். தாம்பாளத்தில் வெற்றிலை அப்படியே இருந்தது.

முற்றத்தில் அப்பாவும் அம்மாவும் மட்டும் நின்றார்கள். அப்பா தாம்பாளத்தைப் பார்த்தபடி உடைந்துபோன குரலில் கேட்டார்.

"கூடப் பொறந்தவன், பங்காளி, ஒருத்தரையும் மிச்சம் வெக்காம அத்தன ஒறவுக்கும் தீய வெச்சுப்போட்டயே. இனி நம்மூட்டுக்கு ஆரு வருவா?"

அம்மா குனிந்து தாம்பாளத்தை எடுத்துக்கொண்டாள். நான் படத்தில் சொன்னபோது என் குரல் நடுங்கியது, எனக்கு நன்றாக ஞாபகம் இருக்கிறது. அவள் குரல் நடுங்கவில்லை.

"ஆமாங்க. நாந்தான் வெச்சேன். இன்னும் வெப்பேன்" என்றாள். நான் இருந்த அறைப் பக்கம் திரும்பினாள். "அம்மிணி, நாளைக்குத் திங்கக்கெழம, பள்ளிக்கூடம் போகோணும். பொஸ்தகத்த எடுத்து வெய்யி."